ஆகஸ்ட் 16 புதுச்சேரியில் ஏன் விடுமுறை? 1954-ல் மக்கள் ஓட்டே போடவில்லையா?

திருப்பூர்_மருமகள்:

வணக்கம். எனக்குச் சொந்த ஊர் திருப்பூர், கல்யாணமாகிப் புதுச்சேரி வந்து ஒன்பது வருஷம் ஆகிறது. பையன் மூன்றாம் வகுப்பு படிக்கிறான். ஆகஸ்ட் 15 கொடியேற்றம் முடிந்து வீட்டுக்கு வந்தவன், "நாளைக்கும் லீவும்மா, நாளைக்கும் கொடி ஏத்துவாங்களாம், ஏன்னு எழுதிட்டு வரச் சொன்னாங்க" என்று நோட்டை நீட்டினான். வீட்டுக்காரரைக் கேட்டால் பிரெஞ்சுக்காரன் போன நாள் என்கிறார். மாமியாரோ "அது நவம்பர் ஒண்ணாம் தேதியாச்சே, எனக்கு நல்லா ஞாபகம் இருக்கே" என்கிறார். எது சரி?

தேடிப் பார்த்ததில் இன்னொரு குழப்பமும் சேர்ந்துகொண்டது. கீழூர் என்ற கிராமத்தில் 178 பேர் ஓட்டுப் போட்டு இந்தியாவோடு சேர முடிவெடுத்தார்கள் என்று இருக்கிறது. புதுச்சேரி, காரைக்கால், மாகி, ஏனாம் எல்லாம் சேர்த்து மூன்று லட்சம் பேருக்கு மேல் இருந்த இடத்தில் 178 பேரா முடிவு செய்தார்கள்? மக்களை நேராகக் கேட்கவே இல்லையா? தெரிந்தவர்கள் சொன்னால் பையனுக்குத் தப்பில்லாமல் எழுதிக் கொடுப்பேன்.

மடுகரை_வயல்:

உங்கள் வீட்டுக்காரர், மாமியார் இரண்டு பேர் சொன்னதும் சரிதான். 1954 நவம்பர் 1-ஆம் தேதி நிர்வாகம் கைமாறியது. பிரெஞ்சுக் கொடி இறங்கி நம் கொடி ஏறியது அன்றைக்குத்தான். ஆனால் சட்டப்படி ஊர் இன்னும் பிரான்சுக்குச் சொந்தமாகவே இருந்தது. அந்தப் பாத்தியதை முறைப்படி இந்தியாவுக்கு வந்தது 1962 ஆகஸ்ட் 16. நிலத்துக்கு அட்வான்ஸ் கொடுத்து உழுது பயிரும் வைத்தாயிற்று, பத்திரப்பதிவு மட்டும் எட்டு வருஷம் கழித்து நடந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கீழூருக்கு முன்னால் எங்கள் நெட்டப்பாக்கம் பக்கத்துக் கதையைச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் 1954 மார்ச்சில் விஷயம் திரும்பியது இங்கேதான். பிரெஞ்சிந்தியா ஒரே தரையாக இருந்ததில்லை, துண்டு துண்டாகக் கிடந்தது. இன்றைக்கும் பாண்டியிலிருந்து கடலூர் பஸ் ஏறினால் தவளக்குப்பம் தாண்டியதும் ரெட்டிச்சாவடியில் தமிழ்நாடு வந்துவிடும், கொஞ்ச தூரத்தில் கிருமாம்பாக்கத்தில் மறுபடி புதுச்சேரி. இப்போது போர்டு மாறுவதோடு சரி. 1949 ஏப்ரலில் இந்தியா சுங்க உடன்பாட்டை முறித்துக்கொண்ட பிறகு அந்தத் துண்டுக்கும் இந்தத் துண்டுக்கும் நடுவில் சாவடிகள் வந்துவிட்டன. எங்கள் தாத்தாவுக்கு வீடு பிரெஞ்சுப் பக்கம், ஒன்றரைக் காணி நிலம் அந்தப் பக்கம். அறுத்த நெல்லை வீட்டுக்குக் கொண்டுவர மூட்டை மூட்டையாகக் காட்ட வேண்டியிருந்ததாகச் சொல்வார். சாக்குக்குள் கம்பியை விட்டுக் கிளறுவார்களாம், உள்ளே தங்கமோ கைக்கடிகாரமோ இருக்கிறதா என்று. பாண்டித் துறைமுகம் வழியாகக் கடத்தல் அந்த அளவுக்கு நடந்தது உண்மைதான், ஆனால் நெல் மூட்டைக்காரனுக்கு அதில் என்ன சம்பந்தம்?

நெட்டப்பாக்கம் கொம்யூன், அதாவது நெட்டப்பாக்கமும் அதைச் சேர்ந்த கிராமங்களும், சுற்றிலும் இந்திய எல்லைக்குள் அகப்பட்ட துண்டு, பிரெஞ்சுப் போலீஸ் நினைத்த நேரத்துக்கு வந்து சேர முடியாது. 1954 மார்ச் 18 அன்று புதுச்சேரிப் பகுதி மேயர்கள், பொதுவாக்கெடுப்பு எதுவும் வேண்டாம், நேராக இந்தியாவோடு இணைக்க வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். மாத முடிவில் எதுவார் குபேர் நெட்டப்பாக்கத்துக்கு வந்தார், போலீஸ் நிலையம் போராட்டக்காரர்கள் கைக்கு வந்தது, அங்கேயே ஒரு தற்காலிக அரசாங்கம் அமைந்தது. கடற்கரைச் சாலைக்கும் பெரிய மார்க்கெட்டுக்கும் பெயர் இருக்கிறதே, அதே குபேர்தான். அதுவரை பிரான்ஸ் பக்கம் நின்ற பெரிய புள்ளி அவர். ஏன் மாறினார் என்பதற்கு ஊரில் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள், பிரெஞ்சு நிர்வாகம் அவர்மேல் விசாரணை தொடங்கியதுதான் என்று சொல்பவர்கள் அதிகம். எது எப்படியானாலும் அவர் மாறியதும் பிரெஞ்சுக்காரர்களுக்குக் காலடி மண் சரிந்துவிட்டது.

அப்புறம் ஜூன் 13-ல் ஏனாம், ஜூலை 16-ல் மாகி என்று ஒவ்வொன்றாகக் கைநழுவிப் போயின.

வழக்காடு_மன்றம்:

மக்களை ஏன் நேராகக் கேட்கவில்லை என்ற கேள்விதான் இதில் முக்கியம். கேட்பதாகத்தான் முதலில் பேச்சு. 1948 ஜூனில் பிரான்சும் இந்தியாவும் கூட்டாக அறிவித்தன, எதிர்காலத்தை அந்தந்த ஊர் மக்களே முடிவு செய்வார்கள் என்று. வங்காளத்துச் சந்திரநாகூரில் அப்படியே நடந்தது. 1949 ஜூன் 19-ல் வாக்கெடுப்பு, இந்தியாவோடு சேர 7,473 ஓட்டு, பிரெஞ்சு ஒன்றியத்திலேயே இருக்க 114. அது தனியாகப் பிரிந்து பிறகு மேற்கு வங்கத்தோடு சேர்ந்துவிட்டது.

தெற்கில் நிலைமை வேறு. 1948 அக்டோபரில் நடந்த நகரசபைத் தேர்தலில் அடியாட்கள், மிரட்டல், கள்ள ஓட்டு என்று எல்லாம் இருந்ததாகப் புகார். மாகியில் மக்கள் கொதித்துப்போய் ஐ. கே. குமாரன் மாஸ்டர் தலைமையில் நிர்வாகத்தையே கைப்பற்றினார்கள், பிரான்ஸ் போர்க்கப்பலை அனுப்பி அதைத் திரும்பப் பிடித்தது. 1951-ல் வெளிநாட்டு நடுநிலைப் பார்வையாளர்கள் வந்து சுற்றிப் பார்த்துவிட்டு, பயமில்லாமல் ஓட்டுப் போடும் சூழல் இங்கே இல்லை என்று அறிக்கை கொடுத்தார்கள். அதன் பிறகு, 1952-ல், வாக்கெடுப்பே வேண்டாம், நேராக ஒப்படையுங்கள் என்று இந்தியா சொல்லிவிட்டது.

பிரான்சால் அப்படிச் சும்மா கொடுத்துவிட முடியாது. 1946-ல் அவர்கள் எழுதிய அரசியலமைப்பின் 27-ஆம் பிரிவு, சம்பந்தப்பட்ட மக்களின் சம்மதம் இல்லாமல் எந்த நிலப்பகுதியையும் விட்டுக்கொடுக்கக் கூடாது என்கிறது. வாக்கெடுப்பும் கூடாது, சம்மதமும் வேண்டும் என்றால் என்ன செய்வது? மக்கள் ஏற்கெனவே தேர்ந்தெடுத்தவர்களைக் கேட்டு, அதையே மக்கள் சம்மதமாக எடுத்துக்கொள்வது என்று இரண்டு அரசுகளும் ஒத்துக்கொண்டன. அதுதான் கீழூர். 1954 அக்டோபர் 18, பிரதிநிதிகள் சபை உறுப்பினர்களும் நகரசபை உறுப்பினர்களுமாக 178 பேர். இணைப்புக்கு 170, எதிர்ப்பு 8. மூன்றே நாளில், அக்டோபர் 21-ல், டெல்லியில் ஒப்பந்தம் கையெழுத்தானது. நவம்பர் 1-ல் இந்திய அரசின் சார்பில் கேவல் சிங் வந்து பொறுப்பேற்றுக்கொண்டார்.

அந்த வருஷம் மே மாதம் வியட்நாமில் பிரெஞ்சுப் படையின் தியன் பியன் பூ கோட்டை விழுந்ததை மறந்துவிட்டு இதைப் புரிந்துகொள்ள முடியாது. ஜூலையில் பிரெஞ்சுப் பிரதமர் மெந்தேஸ் பிரான்சின் அரசு இந்தோசீனாப் போரையே முடித்துக்கொண்டது. சைகோனுக்குப் போகிற வழியில் ஒரு காலடி என்பதுதான் பாண்டியின் மதிப்பு. சைகோனே கைவிட்டுப் போனபின் பாண்டியை எதற்குப் பிடித்து வைத்திருக்க வேண்டும்?

பிறகு எதற்கு எட்டு வருஷம் என்றால், விட்டுக்கொடுக்கும் உடன்படிக்கை 1956 மே 28-ல் கையெழுத்தானாலும் பிரெஞ்சு நாடாளுமன்றம் அதை ஏற்க வேண்டும், அங்கே ஒரு கூட்டம் விடாப்பிடியாக எதிர்த்தது. மக்களிடம் கேட்காமல் பாண்டியைக் கொடுத்தால் நாளைக்கு அல்ஜீரியாவையும் இப்படியே கேட்பார்கள் என்ற பயம். 1962 மார்ச்சில் அல்ஜீரியப் போர் முடிந்தது, ஜூலையில் பாண்டி உடன்படிக்கை நிறைவேறியது.

என் கருத்தையும் சொல்லிவிடுகிறேன். 170-க்கு 8 என்பது சட்டத்துக்குப் போதும், எனக்குப் போதாது. 1948-ல் முறைகேடாக நடந்தது என்று எந்தத் தேர்தலைச் சொன்னோமோ, அதன் வழியாக அமைந்த நகரசபைகளின் ஆட்களும்தானே கீழூரில் ஓட்டுப் போட்டார்கள்? சந்திரநாகூர்க்காரனுக்குக் கிடைத்த ஓட்டுச்சீட்டு வில்லியனூர்க்காரனுக்கும் கிடைத்திருக்க வேண்டும். முடிவு மாறியிருக்காது என்று எனக்கும் நிச்சயமாகத் தெரியும். அப்புறம் ஏன் கேட்கவில்லை என்பதுதான் என் வருத்தம்.

சொல்தா_பேத்தி:

வழக்காடு_மன்றம் கடைசியில் சொன்னதை அப்படியே ஒத்துக்கொள்கிறேன், ஆனால் எங்களைப் போன்ற வீடுகளில் உண்மையான ஓட்டு 1962-க்குப் பிறகுதான் நடந்தது, அதைப் பற்றி யாருமே பேசுவதில்லை.

என் தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர், ஊர் வழக்கில் சொல்தா. உடன்படிக்கையில் ஒரு ஷரத்து உண்டு. இந்த ஊர்களில் பிறந்து இங்கேயே குடியிருக்கும் பிரெஞ்சுப் பிரஜைகள் எல்லாரும் 1962 ஆகஸ்ட் 16 முதல் தானாகவே இந்தியக் குடிமக்கள் ஆகிவிடுவார்கள். வேண்டாம், பிரெஞ்சுக் குடியுரிமையே வேண்டும் என்றால் ஆறு மாதத்துக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். இங்கே பிறந்து அந்த நாளில் சைகோனிலோ பாரிசிலோ குடியிருந்தவர்களுக்கு நேர் மாறாக, அவர்கள் தானாகவே பிரெஞ்சுக்காரர்கள், இந்தியா வேண்டும் என்றால்தான் எழுதிக் கொடுக்க வேண்டும். ஒரே வயிற்றில் பிறந்த அண்ணன் தம்பி அந்த ஒரு நாளில் யார் எந்த ஊரில் இருந்தார் என்பதை வைத்து இரண்டு நாட்டுக்காரர்கள் ஆனார்கள்.

தாத்தா எழுதிக் கொடுத்தார். அவருடைய தம்பி கொடுக்கவில்லை. சின்னத் தாத்தா நெசவாலையில் வேலை பார்த்தவர், நான் பிறந்த மண்ணில் இருக்க எதற்குக் கடுதாசி எழுத வேண்டும் என்று கேட்டாராம். அம்மாவின் தகரப் பெட்டியில் தாத்தாவின் பிறப்புச் சான்று இருக்கிறது. மடிப்பு மடிப்பாகப் பழுத்து, மடித்த இடமெல்லாம் இற்று, பின்னால் துணி ஒட்டி வைத்திருக்கிறோம். ஒவ்வொரு தலைமுறையும் அதைக் கொண்டுபோய்க் காட்டித்தான் தூதரகத்தில் பதிவு செய்திருக்கிறது. சின்னத் தாத்தா வீட்டில் அப்படி ஒரு காகிதம் இல்லை. அவருடைய பேரனும் நானும் ஒரே தெருவில் விளையாடி வளர்ந்தோம். நான் இப்போது பிரான்சில் வேலை பார்க்கிறேன், அவன் விசாவுக்கு இரண்டு தடவை விண்ணப்பித்து இரண்டு தடவையும் கிடைக்கவில்லை.

எழுதிக் கொடுக்காதவர்களில் பலருக்கு அப்படி ஒரு வழி இருந்ததே தெரியாது என்று அம்மா சொல்வார். சொல்ல ஆள் இல்லை, படித்துப் பார்க்க எழுத்தும் இல்லை. எனக்கு இன்றைக்கும் ஆறாத விஷயம் இது.

காரைக்கால்_கடைத்தெரு:

எல்லாம் சரி, ஆனால் மேலே உள்ள பதில்களைப் படித்தால் ஏதோ மேயர்களும் மந்திரிகளும் சேர்ந்து கொடுத்த விடுதலை மாதிரி தெரிகிறது. 1936 ஜூலை 30-ல் புதுச்சேரி ஆலைத் தொழிலாளர்கள்மேல் துப்பாக்கிச் சூடு நடந்து 12 பேர் செத்தார்கள். அதற்கு மறுவருஷம் எட்டு மணி நேர வேலை சட்டமானது. கம்யூனிஸ்ட் தலைவர் வ. சுப்பையாவும் அந்தத் தொழிலாளர்களும் குபேர் மனம் மாறுவதற்குப் பல வருஷம் முன்பே தெருவில் நின்றவர்கள். பையன் நோட்டில் ஒரு வரியாவது அவர்களுக்கு வேண்டும்.

இன்னொன்று, பலரும் கேட்பது, பாஷையும் ஒன்று, ஜனமும் ஒன்று, ஏன் தமிழ்நாட்டோடு சேரவில்லை என்று. அதே 1956 உடன்படிக்கையின் 2-ஆம் ஷரத்தைப் பாருங்கள். இந்த ஊர்களின் தனி நிர்வாக அந்தஸ்து தொடரும், அதை மாற்றுவதென்றால் மக்களின் விருப்பம் அறிந்துதான் மாற்ற வேண்டும் என்று இருக்கிறது. 1962-ல் அரசியலமைப்பின் 14-வது திருத்தத்தால் யூனியன் பிரதேசம் ஆனோம், 1963 ஜூலை 1-ல் சட்டசபை வந்தது. 1979 ஜனவரியில் பிரதமர் மொரார்ஜி தேசாய் இணைப்பைப் பற்றிப் பேசப்போய் ஊரே கொந்தளித்தது. என் அப்பா அப்போது கல்லூரி மாணவர், எங்களை யார் கேட்டார்கள் என்பதுதான் அன்றைக்கு எல்லார் வாயிலும் இருந்ததாம். 1954-ல் கேட்காமல் விட்டதை 1979-ல் கேட்டே தீருவோம் என்று நின்றார்கள், எனக்கு அப்படித்தான் படுகிறது.

திருப்பூர்_மருமகள்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. சொல்தா_பேத்தி எழுதியதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்துவிட்டேன், எங்கள் தெருக்கோடியில் இருக்கும் தாத்தா ஏன் ஒவ்வொரு ஜூலை 14-க்கும் பதக்கத்தைக் குத்திக்கொண்டு கிளம்புகிறார் என்பது இப்போதுதான் புரிகிறது.

பையன் நோட்டில் இப்படி எழுதியிருக்கிறோம்: "1954 அக்டோபர் 18 கீழூரில் 170 பேர் இந்தியா வேண்டும் என்றார்கள். நவம்பர் 1 நம் கொடி ஏறியது. 1962 ஆகஸ்ட் 16 சட்டப்படி சேர்ந்தோம். 1936-ல் 12 தொழிலாளர்கள் உயிர் கொடுத்தார்கள்." வேண்டாம் என்று சொன்ன எட்டுப் பேர் யார் என்று கேட்கிறான். அதையும் எழுத வேண்டுமாம்.

மடுகரை_வயல்:

எட்டுப் பேர் என்று எழுதச் சொல்லுங்கள், அவர்களும் வந்து ஓட்டுப் போட்டவர்கள்தானே. முடிந்தால் அவனை ஒரு தடவை கீழூருக்குக் கூட்டிக்கொண்டு போங்கள், வில்லியனூர் தாண்டிப் போக வேண்டும். சுற்றிலும் வயல், நடுவில் நினைவிடம். வருஷா வருஷம் ஆகஸ்ட் 16 காலையில் அங்கே கொடியேற்றுவார்கள், மற்ற நாட்களில் கூட்டமே இருக்காது, நின்று நிதானமாகப் பார்க்கலாம். மாமியாருக்கு உடம்பு முடியுமென்றால் அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள். நவம்பர் 1 நன்றாக ஞாபகம் இருக்கிறது என்கிறாரே, அன்றைக்கு எந்தத் தெருவில் நின்று என்ன பார்த்தார் என்று கேட்டு இங்கே எழுதுங்கள்.