ஆறையும் நாலையும் ஏன் பெருக்கணும்?

மாலையில் பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் சிலருக்குக் கணக்கு சொல்லித்தருகிறேன். போன வாரம் 6x² − 11x + 4 என்ற கோவையைக் காரணிப்படுத்தினோம். நடுவில் உள்ள −11x ஐப் பிரிக்க இரண்டு எண் வேண்டும்: பெருக்கினால் 6 × 4 = 24, கூட்டினால் −11, அப்படியென்றால் −8, −3 என்று எல்லோரும் கடகடவென்று சொல்லிவிட்டார்கள். ஒரு பெண் மட்டும், "ஆறையும் நாலையும் ஏன் சார் பெருக்கணும்? அது ரெண்டும் பக்கத்துல கூட இல்லையே" என்றாள்.

எனக்கு அவ்வளவு சந்தோஷம். விடையிலிருந்து பின்னோக்கி வந்தோம். (3x − 4)(2x − 1) என்பதை விரித்தால் 6x² − 3x − 8x + 4. நடுவில் இருக்கும் 3 என்பது 3 × 1, 8 என்பது 4 × 2. ஓரத்து 6 என்பது 3 × 2, கடைசி 4 என்பது 4 × 1. இரண்டு பக்கமும் அதே நான்கு எண்கள்தான், ஜோடி மட்டும் மாறியிருக்கிறது. அதனால் எப்படிப் பெருக்கினாலும் 24. அவள் வேறு இரண்டு அடைப்புகளை எடுத்துத் தானே விரித்துப் பார்த்தாள். அங்கேயும் சரியாக வந்தது.

பெருக்கல் குறி போட்டு மேலே பெருக்கல் பலன், கீழே கூட்டல் பலன் என்று எழுதுவது வேகத்துக்கு நல்லது. காரணம் அதில் தெரியாது. விரித்தெழுதுவதில் தொடங்கிவிட்டு அப்புறம் அதற்கு வரலாம்.

*

சார், நான் சொல்லித்தரும் டியூஷனில் இதே கணக்கில் வேறு இடத்தில் மாட்டுவார்கள். 3x(2x − 1) வரை சரி. அடுத்து −8x + 4 இல் −4 ஐ வெளியே எடுக்கும்போது உள்ளே + 1 என்று போட்டுவிடுவார்கள். இரண்டு அடைப்பும் ஒத்துவராது. உடனே −8, −3 தப்பு என்று நினைத்து, எல்லாவற்றையும் அடித்துவிட்டு மறுபடி எண் தேடுவார்கள். பரீட்சையில் நேரம் போவது இங்கேதான். கூட்டலும் பெருக்கலும் சரியாக இருந்தால் எண்ணைத் தொடாதே, குறியைப் பார் என்று சொல்லிவைத்திருக்கிறேன்.

*

என் பையன் x² + 6x + 7 ஐ வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் தேடிக்கொண்டிருந்தான். தன்மைகாட்டியை (ax² + bx + c இல் b² − 4ac) முதலில் போட்டுப் பார்க்கச் சொன்னேன்: 36 − 28 = 8. முழு வர்க்கம் இல்லை, முழு எண்களில் பிரியாது. மேலே உள்ள கணக்குக்கு 121 − 96 = 25. அது பிரியும்.