கட்டளை 37-இல் சம்மன் வந்திருக்கிறது: எதிருரை போட்டால் போதுமா?

கணக்குப்பிள்ளை:
உதிரிபாகம் வாங்கிய வகையில் ரூ.18,40,000 பாக்கி என்று சப்ளையர் சிவில் நடைமுறைச் சட்டத்தின் (CPC) கட்டளை 37-இன் கீழ் சம்மரி சூட் (முழு விசாரணை இல்லாமல் சீக்கிரம் முடிக்கும் சுருக்க வழக்கு) போட்டிருக்கிறார். சம்மனும் பிராது நகலும் கைக்கு வந்து நாலு நாள் ஆகிறது. ஒரு லாட் தரமில்லை என்று சரக்கு வந்த வாரமே மெயில் போயிருக்கிறது. ரூ.5 லட்சம் தர வேண்டியது உண்மை. 30 நாளில் எதிருரை (பிராதுக்கு எழுத்தில் தரும் பதில்) போட்டால் போதுமா?

சிவில்சைடு:
போதாது. இந்த நினைப்பில்தான் பாதிப் பேர் தங்களுக்கு எதிராக டிக்ரி (தீர்ப்பாணை) வாங்கிக்கொள்கிறார்கள். சுருக்க வழக்கில் எதிர்வழக்காட கோர்ட் அனுமதி கிடைக்கும்வரை எதிருரைக்கு இடமே இல்லை.

சம்மன் சார்வான (கைக்கு வந்து சேர்ந்த) 10 நாளுக்குள் வக்காலத்துப் போட்டு ஆஜராகி, நோட்டீஸ் பெறும் முகவரியையும் தாக்கல் செய்யுங்கள். அன்றைக்கே வாதியின் வக்கீலுக்குத் தகவல் போக வேண்டும். தவறினால் பிராதில் சொன்னதெல்லாம் ஒப்புக்கொண்டதாகிவிடும்.

அதன்பின் வாதி, தனக்குத் தெரிந்து உங்களுக்கு எதிர்வாதமே இல்லை என்று அபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்) போட்டு, தீர்ப்புக்கான சம்மனை சார்வு செய்வார். அது கிடைத்து 10 நாளுக்குள் எதிர்வழக்காட அனுமதி மனு போட வேண்டும். இரண்டும் வேறு வேறு 10 நாள்; குழப்பிக்கொள்ளாதீர்கள். தாமதமானால் அதே கட்டளையின் விதி 3(7)-இல் மன்னிப்புக் கேட்கலாம், ஆனால் தக்க காரணம் காட்ட வேண்டும். டிக்ரியே ஆகிவிட்டால் அதை ரத்து செய்யக் கேட்க விதி 4. அங்கே ‘சிறப்புச் சூழ்நிலை’யையும் காட்ட வேண்டும், அனுமதி பெறத் தகுதியான எதிர்வாதம் இருப்பதையும் காட்ட வேண்டும்.

பில்புக்:
அனுமதி மனு தோற்பது பெரும்பாலும் அதோடு போடும் உங்கள் அபிடவிட்டால்தான். ‘பாக்கி இல்லை, கணக்குத் தவறு’ என்று மொட்டையாக மறுத்தால் பலனில்லை. எந்த இன்வாய்ஸ், எத்தனை உருப்படி, என்ன குறை, எந்தத் தேதியில் சொன்னது, அதனால் எவ்வளவு தொகை கழிய வேண்டும் என்று ஒவ்வொன்றாக எழுதி மெயில், இன்ஸ்பெக்‌ஷன் ரிப்போர்ட், டெபிட் நோட்டை (தொகையைக் குறைத்து அனுப்பிய சீட்டு) இணையுங்கள். சரக்கை மறுக்காமல் வைத்துக்கொண்டால் சரக்கு விற்பனைச் சட்டம் 42-வது பிரிவுப்படி ஏற்றதாகிவிடும். அப்படி ஏற்றிருந்தாலும் 59-வது பிரிவில், உத்தரவாத மீறலைக் காட்டி விலையைக் குறைக்கக் கேட்கலாம். உங்கள் வழக்குக்கு இதுதான் முதுகெலும்பு.

2016-இல் ஐடிபிஐ டிரஸ்டிஷிப் எதிர் ஹப்டவுன் வழக்கில் உச்ச நீதிமன்றம் படிப்படியாகப் பிரித்துச் சொல்லியிருக்கிறது. எதிர்வாதம் வலுவானது என்றால் நிபந்தனையற்ற அனுமதி. விசாரிக்க வேண்டிய நியாயமான பிரச்சினை எழுந்தாலும் சாதாரணமாக அப்படியே. நேர்மையில் சந்தேகம் வந்தால் பணம் கட்டு, செக்யூரிட்டி கொடு என்று நிபந்தனை வரும். எதிர்வாதம் நம்பச் சிரமமானது என்றால் அசலும் வட்டியும் முழுக்கக் கட்டச் சொல்லலாம். வெறும் சாக்கு என்றால் மனு தள்ளுபடி, அங்கேயே தீர்ப்பு.

வரிக்கட்டு:
அந்த லாட்டுக்கான ஜிஎஸ்டி உள்ளீட்டு வரிக் கிரெடிட்டை (வாங்கும்போது கட்டிய வரியைக் கழித்துக்கொள்ளும் சலுகை) எடுத்து, திருப்பாமல் விட்டிருந்தால் வாதி அதைத்தான் முதலில் காட்டுவார். தரமில்லாத சரக்குக்கு எதற்குக் கிரெடிட் என்று கேட்டால் பதில் வேண்டும். பேலன்ஸ் கன்ஃபர்மேஷனில் (பாக்கி இவ்வளவு என்று ஒப்புக்கொள்ளும் கடிதம்) கையெழுத்துப் போட்டிருக்கிறதா என்றும் பாருங்கள். மெயிலுக்குப் பிந்தைய தேதியில் இருந்தால் பெரிய சிக்கல்.

கணக்குப்பிள்ளை:
நன்றி. முழுத் தொகையையும் மறுத்துவிட்டால் ரூ.5 லட்சம் கட்டாமல் தப்பலாமா?

சிவில்சைடு:
வேண்டாம் சார். உங்கள் லெட்ஜரோ மெயிலோ ஒன்று அதைக் காட்டிக்கொடுத்தாலும் மற்ற எதிர்வாதமும் நம்பிக்கை இழக்கும். ஒப்புக்கொண்ட தொகையைக் கோர்ட்டில் கட்டாமல் அனுமதி கிடையாது என்பது விதி 3(5)-இன் இரண்டாவது வரம்புரையிலேயே (proviso) இருக்கிறது. மனுவோடு கட்டத் தயார் என்று எழுதி, சலான் போட அனுமதி கேளுங்கள்.

பில்புக்:
இன்னொன்று. இது வணிகத் தகராறு, மதிப்பும் ரூ.3 லட்சத்துக்கு மேல். அவசர இடைக்கால நிவாரணம் கேட்காத வழக்கு என்றால், வணிக நீதிமன்றச் சட்டம் 12ஏ-படி தாக்கலுக்கு முன் சமரசம் கட்டாயம். 20.8.2022 முதல் அதைத் தாண்டிப் போட்ட பிராதை நிராகரிக்கக் கேட்கலாம். பிராதில் சமரசம் தோற்றதற்கான அறிக்கை இணைந்திருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் தனி மனு போடுங்கள், ஆனால் அதை நம்பி 10 நாளை விட்டுவிடாதீர்கள்.