வேரால் குடிக்காத செடி நீரில் அழுகியது ஏன்?

கேள்வி: நொய்யல்கரை

அனைவருக்கும் வணக்கம். நான்கு மாதங்களுக்கு முன் கோவையில் ஒரு நாற்றுப்பண்ணையில், 'ஏர் பிளான்ட்' என்று விற்கப்படும் டில்லாண்ட்சியா செடிகள் இரண்டையும், நடுவில் சிவந்த பூங்கொத்து நிமிர்ந்து நிற்கும் குஸ்மேனியா ஒன்றையும் வாங்கினேன். மூன்றும் அன்னாசியின் உறவான புரோமிலியாட் குடும்பத்தைச் சேர்ந்தவை என்றும், டில்லாண்ட்சியா காற்றைக் குடித்தே வாழும் என்றும் விற்றவர் கூறினார். எனக்கு நம்பிக்கை வரவில்லை. ஆகவே ஒவ்வோர் இரவும் உறங்கப் போகுமுன் டில்லாண்ட்சியாக்களை வாளி நீரில் அமிழ்த்தி வைத்து, விடிந்ததும் எடுத்துக் கண்ணாடிக் குடுவைக்குள் வைத்துவந்தேன். மூன்றாம் வாரத்தில் ஒன்றின் அடிப்பகுதி கறுத்து, தொட்ட மாத்திரத்தில் இலைகள் கழன்று வந்தன. குஸ்மேனியாவோ, இலைகளின் நடுக்குழியில் எந்நேரமும் நீர் தேங்கி நின்றும் செழிப்பாகவே இருக்கிறது. ஒரே குடும்பத்தில் ஒன்று நீரால் அழுகுவதும் மற்றொன்று நீரை ஏந்தி வாழ்வதும் எப்படி?

இன்னொரு ஐயம். எஞ்சிய டில்லாண்ட்சியாவை மாமரக் கிளையில் கட்டிவிட எண்ணினேன். அது புல்லுருவியைப் போல மரத்தின் சாற்றை உறிஞ்சிவிடும் என்று பக்கத்து வீட்டுப் பெரியவர் தடுக்கிறார். அவர் சொல்வது சரியா?

பதில்: இலைத்துளை

வணக்கம். கல்லூரியில் தாவரவியல் கற்பிப்பவன் என்ற முறையில் முதல் கேள்விக்கு மட்டும் விடை எழுதுகிறேன். தாங்கள் நீர் ஊற்றியது தவறன்று. ஊற்றிய வேளையும் அமிழ்த்தி வைத்த நேரமுமே செடியைக் கொன்றன.

டில்லாண்ட்சியாவின் இலையைக் கைக்கண்ணாடியில் பார்த்தால் வெள்ளி நிறச் செதில்கள் நெருக்கமாகப் படிந்திருப்பது தெரியும். ஒவ்வொரு செதிலும் ஒரு சிறு குடையை ஒத்தது. விரிந்த பகுதி இறந்த செல்களாலும், இலைக்குள் இறங்கும் காம்பு உயிருள்ள செல்களாலும் ஆனவை. மழைத்துளியோ பனியோ பட்டவுடன் இறந்த செல்கள் நீரை ஈர்த்து உப்புகின்றன; அந்த நீர் காம்பின் வழியே சவ்வூடு பரவி இலைக்குள் செல்கிறது. காய்ந்ததும் குடை சுருங்கிப் படிந்து வழியை அடைத்துக்கொள்வதால், உள்ளே போன நீர் அதே வழியில் எளிதில் வெளியேறாது. மழைநீரில் கரைந்த தூசும் தாது உப்புகளும் இவ்வழியாகவே செடிக்குக் கிடைக்கின்றன. வேர் இருந்தாலும் அது கிளையைப் பற்றிக்கொள்வதற்குத்தான். அமெரிக்க ஐக்கிய நாடுகளின் தென்கிழக்குப் பகுதி தொடங்கி அர்ஜென்டினா வரை மரங்களில் தாடி போல் தொங்கும் ஸ்பானிஷ் பாசிக்கு, வளர்ந்த நிலையில் வேரே இல்லை. (பெயரில்தான் பாசி; அதுவும் ஒரு டில்லாண்ட்சியாவே.)

இனி அழுகலுக்கு வருவோம். நனைந்த செதில்கள் நீரை ஒரு படலமாக இலை முழுவதும் பிடித்து வைத்துக்கொள்கின்றன. அப்படலம் இலைத்துளைகளை மூடிவிடுகிறது. கார்பன் டை ஆக்சைடு காற்றில் பரவுவதைக் காட்டிலும் நீரில் ஏறத்தாழப் பத்தாயிரம் மடங்கு மெதுவாகவே பரவும். எனவே நனைந்திருக்கும் வரை அந்தச் செடி மூச்சுத் திணறிக்கொண்டே இருக்கிறது. மேலும், சாம்பல் நிற டில்லாண்ட்சியாக்கள் நீரிழப்பைத் தவிர்க்கப் பகலில் இலைத்துளைகளை மூடி, இரவில் திறந்து கார்பன் டை ஆக்சைடை வாங்கி மாலிக் அமிலமாகச் சேமித்து, மறுநாள் வெயிலில் அந்த அமிலத்திலிருந்து மாவுப்பொருளை ஆக்குபவை. அவை உணவுக்கான காற்றை வாங்கும் அந்த ஒரே வேளையில் தாங்கள் நீருக்குள் அமிழ்த்தி வைத்தீர்கள். பகலிலாவது உலரட்டும் என்று விடாமல் குடுவைக்குள் அடைத்தீர்கள். பட்டினியும் ஈரமும் சேர்ந்தால் பூஞ்சைக்கு வேறென்ன வேண்டும்?

இந்த இரவுப் பழக்கத்தைப் பற்றிய பழைய குறிப்புகளுள் ஒன்று நம் பக்கத்தைச் சேர்ந்தது. சென்னையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் பணியில் இருந்த பெஞ்சமின் ஹெய்ன், ரணகள்ளி இலை காலையில் புளிப்பாகவும், நண்பகலில் சுவையற்றும், மாலையில் சற்றுக் கசப்பாகவும் இருப்பதை மென்று பார்த்தே கண்டறிந்து, 1813-இல் கடிதமாக எழுதினார். இரவில் சேரும் அமிலம் பகலில் செலவாவதைத்தான் அவருடைய நாக்கு உணர்ந்தது.

குஸ்மேனியாவின் ஏற்பாடு வேறு. அதன் இலையடிகள் ஒன்றையொன்று தழுவி ஒரு தொட்டியாகின்றன. நீர் உறிஞ்சும் செதில்கள் பெரும்பாலும் அந்தத் தொட்டிக்குள், இலையடியில் உள்ளன. விரிந்த மேற்பகுதி வழவழப்பாக இருப்பதால் மழை வழிந்தோடிவிடும். குடிக்கும் இடமும் மூச்சு விடும் இடமும் பிரிந்திருப்பதால் தேங்கிய நீர் அதற்குத் தொல்லையாவதில்லை. டில்லாண்ட்சியாவில் இரண்டும் ஒரே இடம். பெருவின் கடலோரப் பாலையில் மூடுபனியை மட்டுமே நம்பி மணல்மேல் கிடக்கும் டில்லாண்ட்சியாக்கள் உள்ளன என்பதை எண்ணிப் பாருங்கள். நனைவதும் விரைவில் உலர்வதுமே அவற்றுக்குப் பழகிய வாழ்க்கை. வாரத்துக்கு இருமுறை காலையில் அரைமணி நேரம் நனைத்து, தலைகீழாக உதறி, நான்கு மணி நேரத்துக்குள் உலரும்படி காற்றோட்டத்தில் வையுங்கள். குடுவை வேண்டாம்.

பதில்: கொல்லிச்சாரல்

பெரியவரின் அச்சத்துக்குக் காரணம் உண்டு. மாமரத்தில் படரும் புல்லுருவி தன் உறிஞ்சு வேரை மரத்தின் கட்டைக்குள் செலுத்தி நீரையும் உப்பையும் எடுக்கிறது. அது உண்மையான ஒட்டுண்ணி. டில்லாண்ட்சியாவோ தொற்றுத் தாவரம். அதற்கு வேண்டியது உட்கார ஓர் இடம் மட்டுமே. லத்தீன் அமெரிக்க நகரங்களில் ஒருவகை டில்லாண்ட்சியா மின்கம்பிகளின்மேல் பந்து பந்தாக வளர்கிறது. கம்பியில் எந்தச் சாறு ஓடுகிறது என்று பெரியவரிடம் பணிவாகக் கேட்டுப் பாருங்கள்.

எங்கள் கொல்லிமலையில் சூப்புக்காக விற்கப்படும் முடவாட்டுக்கால் 'கிழங்கு'கூட, பாறையிலும் மரத்திலும் தொற்றி வளரும் ஒரு பெரணியின் மட்டத்தண்டுதான். அப்பெரணிக்கு இரண்டு வகை இலைகள் உண்டு. ஒருவகை பச்சையாக நீண்டு வித்துத்தூள் தரும். மற்றொருவகை குட்டையாகப் பழுப்பேறி, தண்டோடு ஒட்டிக் கூடை போல் நின்று, விழும் சருகுகளைப் பிடித்து மட்கச் செய்யும். மண் இல்லாத இடத்தில் தனக்கு வேண்டிய மண்ணைத் தானே ஆக்கிக்கொள்கிறது. ஆர்க்கிட் செடிகளோ, பள்ளிப் பாடத்தில் வாண்டாவுக்குச் சொல்லப்படும் வெலாமன் என்ற பஞ்சுத் திசுவை வேரைச் சுற்றிப் போர்த்து மழையை உறிஞ்சுகின்றன.

எனினும், மரத்தின்மேல் வாழ்வன எல்லாம் தீங்கற்றவை என்று கொள்ள வேண்டாம். பனையின் மட்டை இடுக்கில் பறவை எச்சத்தில் முளைக்கும் ஆலும் அரசும் தொற்றுத் தாவரமாகவே வாழ்வைத் தொடங்கி, வேர் தரையைத் தொட்ட பிறகு பனையையே நெரித்துவிடுவதைப் பார்த்திருப்பீர்கள்.

பதில்: பூச்சிநோக்கி

குஸ்மேனியாவைப் பற்றி ஓர் எச்சரிக்கை. அந்தத் தொட்டி நீர் வெறும் நீரன்று, ஒரு குளம். ஜமைக்காவில் ஒருவகை நண்டு தன் குஞ்சுகளைப் புரோமிலியாட் தொட்டியிலேயே வளர்க்கிறது. தாய் நண்டு சருகுகளை அகற்றிப் பிராணவாயு குறையாமல் காக்கிறது; நத்தை ஓடுகளைக் கொண்டுவந்து போட்டு, நீரின் அமிலத் தன்மையைத் தணித்துச் சுண்ணாம்புச் சத்தைக் கூட்டுகிறது. மத்திய அமெரிக்காவின் சிவப்பு நச்சுத் தவளை, தலைப்பிரட்டைகளை ஒவ்வொன்றாக முதுகில் சுமந்துவந்து இத்தகைய நீரில் விட்டு, கருவுறாத முட்டைகளை அவற்றுக்கு உணவாக இடுகிறது. கழிவும் மட்கும் சருகும் செடிக்கு எருவாகின்றன.

அதே குளத்தில் கொசுவும் முட்டையிடும். டிரினிடாடில் கொக்கோத் தோட்டங்களுக்கு நிழல் தந்த மரங்கள், நம் கல்யாண முருங்கையின் பேரினத்தைச் சேர்ந்தவை, புரோமிலியாட்களால் நிறைந்திருந்தன. அவற்றின் தொட்டிகளில் பெருகிய அனாஃபிலிஸ் பெல்லேட்டர் என்ற கொசு மலேரியாவைப் பரப்பியது. சாக்கடையைத் தூர்த்துப் பயனில்லை. குளம் மரத்தின்மேல் அல்லவா இருந்தது! செடிகளைக் கொல்ல மரங்களின்மேல் மயில்துத்தக் கரைசலைத் தெளித்தார்கள். 1940-களில் இதை ஆராய்ந்த காலின் பிட்டென்ட்ரிக், அங்கே கொசுக்கள் கடிக்கும் நேர ஒழுங்கைக் கவனித்தவர். பிற்காலத்தில் உயிரியல் கடிகார ஆய்வின் முன்னோடிகளுள் ஒருவரானார்.

நம் ஊர்களில் கவலை டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசுதான். வாரம் ஒருமுறை தொட்டியைச் சாய்த்து நீரைக் கொட்டிவிட்டு, புதிய நீரை ஊற்றுங்கள்.

நொய்யல்கரை

மூவருக்கும் நன்றி. இன்று காலை குஸ்மேனியாவைக் கவிழ்த்து வெள்ளைத் தட்டில் நீரைப் பிடித்தேன். ஐந்து புழுக்கள் நெளிந்தன. டில்லாண்ட்சியா மாமரக் கிளைக்குப் போய்விட்டது. பெரியவரே சணல் கயிறு கொண்டுவந்து கட்டினார். ஒன்று மட்டும் கேட்கிறேன்: குஸ்மேனியாவின் பூங்கொத்து பழுப்பேறி, வெளி இலைகளும் வாடத் தொடங்கியுள்ளன. இதுவும் என் பிழையா?

பதில்: இலைத்துளை

இல்லை. வாழை ஒருமுறை குலை தள்ளி முடிவதைப் போல, குஸ்மேனியாவின் ஒவ்வோர் இலைக்கொத்தும் ஒருமுறை பூத்துப் படிப்படியாக மடியும். அடியில் பக்கக் கன்றுகள் வந்திருக்கின்றனவா என்று பாருங்கள். தாயின் உயரத்தில் மூன்றிலொரு பங்கு வளர்ந்த பிறகு பிரித்து, நீர் எளிதில் வடியும் தென்னை நார்க் கலவையில் நடுங்கள். அதுவரை தாய்ச் செடியை வெட்ட வேண்டாம்.