ஓய்வுச் சக்தியா, நிலைச் சக்தியா, திணிவுச் சக்தியா?

ஒரு துணிக்கைக்கு (particle) அதன் திணிவால் (mass) மட்டும் உள்ள சக்தியை ஆங்கிலத்தில் rest energy என்பர். கலைச்சொற் பட்டியலில் அதற்கு எந்தத் தமிழ்ப் பெயர் என்பதில் வந்த கருத்துகளுக்கு என் பதில் இது.

> துணிக்கையின் திணிவை மட்டும் வைத்துக் கணிக்கும் சக்திக்கு "நிலைச் சக்தி" எனலாம். சுருக்கமாக இருக்கிறது. (நுவரெலியா)

சுருக்கம்தான். ஆனால் அந்தப் பெயரில் ஏற்கெனவே ஆள் குடியிருக்கிறது. நாம் அழுத்தசக்தி என்பதைத் தமிழ்நாட்டுப் பாடநூல்கள் நிலை ஆற்றல் என்கின்றன. இணையத்தில் இருபக்கப் பாடத்தையும் படிக்கும் உயர்தர மாணவர் குழம்புவார். ஒரு புரோத்தனைக் கடல்மட்டத்திலிருந்து பீதுருதலாகலை உச்சிக்கு, 2,524 மீற்றர், ஏற்றினால் கூடும் அழுத்தசக்தி ஏறத்தாழ 0.00026 இலத்திரன்வோல்ற்று (துணிக்கைகளின் சக்தியை அளக்கும் சிறு அலகு). திணிவால் அதற்குள்ள சக்தியோ 93 கோடியே 82 இலட்சத்துக்கும் மேல். இவ்விரண்டுக்கும் ஒரே பெயர் ஆகாது.

என் தெரிவு ஓய்வுச் சக்தி. "ஓய்விலிருந்து விடப்படும் துணிக்கை" என்று இயக்கவியல் கணக்குகளில் நாளும் எழுதுகிறோம்; ஓய்வுத் திணிவும் புழக்கத்தில் இருக்கிறது. ஓய்வூதியம் நினைவுக்கு வருகிறது என்ற கேலியைத் தாங்கிக்கொள்ளலாம்.

சொல்லோடு கணிப்பு முறையும் விளக்கத்தில் வரட்டும். திணிவைக் கிலோகிராமில் எடுத்து, ஒளியின் வேகத்தின் வர்க்கத்தால் பெருக்கினால் யூல். அதை 1.6022×10⁻¹⁹ ஆல் வகுத்தால் இலத்திரன்வோல்ற்று. இலத்திரனுக்கு 9.109×10⁻³¹ கிலோகிராம், பெருக்கினால் 8.187×10⁻¹⁴ யூல், வகுத்தால் 0.511 மெகா இலத்திரன்வோல்ற்று. வர்க்கிக்க மறந்தவருக்கு விடை முப்பது கோடி மடங்கு குறையும், அதைக் கண்டுபிடிப்பது எளிது.

கண்ணில் படாத பிழை வேறு. ஒளியின் வேகத்தை செக்கனுக்கு 3×10⁸ மீற்றர் என்று வட்டமாக எடுத்தால் விடை 0.14 சதவீதம் கூடுகிறது. புரோத்தனின் 1.67262×10⁻²⁷ கிலோகிராமை அப்படிப் போட்டுப் பாருங்கள்: 938.27 மெகா இலத்திரன்வோல்ற்று வரவேண்டிய இடத்தில் 939.56 வரும். நியூத்திரனின் உண்மையான பெறுமானம் 939.57! புரோத்தனைக் கணித்து நியூத்திரனை எடுத்த கதை. இரண்டுக்கும் இடையிலான 1.293 மெகா இலத்திரன்வோல்ற்றுதான் நியூத்திரன் தேய்வுக்கே (அது புரோத்தனாக மாறுவதற்கே) காரணம். அது வட்டமாக்கலில் கரைந்துவிடுகிறது. 2.998×10⁸ போட்டாலே போதும்.

> ஓய்வு என்றால், ஓடும் துணிக்கைக்கு அந்தச் சக்தி இல்லை என்றாகாதா? "திணிவுச் சக்தி" பொருத்தம். (பண்டாரவளை)

இந்த மறுப்புக்கு எடை உண்டு. நானுஓயா நிலையத்தில் நிற்கும் ரயிலிலுள்ள புரோத்தனுக்கும், பதுளை நோக்கி அது விரையும்போதும் அதே 938.27 தான், ஓடும்போது அதன்மேல் இயக்கசக்தி சேர்கிறது, அவ்வளவே. ஆனால் பழைய நூல்களில் வேகத்தோடு கூடும் "சார்புத் திணிவு" ஒன்று இருக்கிறதே. அதைப் படித்தவர் திணிவுச் சக்தி என்றதும் மொத்தச் சக்தியையே எடுத்துக்கொள்வார். ஓய்வுச் சக்தியில் வரும் ஐயத்தை ஒரு வரி விளக்கம் தீர்க்கும். திணிவுச் சக்தியில் வரும் ஐயமோ கணக்கையே மாற்றும்.

"உள்ளுறை சக்தி" என்றும் ஒருவர் எழுதியிருந்தார். வெப்பவியலின் அகச்சக்தியோடு மோதும், வேண்டாம்.

ஒட்டி எழுதுவதா, விட்டு எழுதுவதா என்பதற்கு: "ஓய்வுத் திணிவு" போல ஒற்று மிகுந்து, விட்டே எழுதலாம்.

பட்டியலுக்கான வரி:

ஓய்வுச் சக்தி: துணிக்கை ஓய்விலுள்ள மாட்டேற்றுச் சட்டத்தில் (reference frame) அளக்கும் அதன் மொத்தச் சக்தி; ஓய்வுத் திணிவை ஒளிவேகத்தின் வர்க்கத்தால் பெருக்கிப் பெறுவது; துணிக்கையின் வேகத்தால் மாறாதது. ஒளியணுவுக்கு ஓய்வுத் திணிவு இல்லாததால் சுழியம்.

கடைசித் தொடரில் "ஓய்விலுள்ள சட்டம்" ஒளியணுவுக்குக் கிடையாது என்று யாராவது பிடிப்பார்கள். பிடித்தால் அந்த வாக்கியத்தை அடிக்குறிப்புக்குத் தள்ளுவோம்.