'கேப்டன் வியோம்' கேசட்டில் பூஞ்சை: உதவி தேவை

1998-இல் தூர்தர்ஷனில் வந்த 'கேப்டன் வியோம்' என்ற அறிவியல் புனைவுத் தொடரின் சில பகுதிகளை அப்பா விஎச்எஸ் கேசட்டில் பதிவு செய்து வைத்திருந்தார். மூன்று மணி நேரம் ஓடும் இ-180 டேப், பால் (PAL) எனும் வீடியோ முறை. நாயகன் மிலிந்த் சோமன் திரையில் வந்ததும் நான் நாற்காலியை விட்டு எழுந்துவிடுவேன். இடையில் வந்த விளம்பரங்கள்கூட அதில் அப்படியே இருக்கின்றன. எனக்கு அவையும் பொக்கிஷம்.

மும்பை மாட்டுங்கா வீட்டுப் பரணில் பல மழைக்காலங்கள் கிடந்ததால் டேப்பின் ஓரத்தில் வெள்ளைப் பூஞ்சை படர்ந்துவிட்டது. இரண்டு நிமிடம் படம் தெரிகிறது. பிறகு திரை முழுக்கப் புள்ளிகள், ஒலி மட்டும் கேட்கிறது. விசிஆரில் (கேசட்டை ஓட்டும் கருவி) படத்தைச் சீராக்கும் டிராக்கிங்கை மாற்றினேன். ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலால், டேப்பைப் படிக்கும் ஹெட்டைத் துடைத்தேன்; மறுபடி அதே இரண்டு நிமிடம்தான். பழைய பொருள்கள் விற்கும் சோர் பஜாரில் வாங்கிய இன்னொரு விசிஆரிலும் இதே கதி. டிஜிட்டலாக மாற்றித் தரும் கடையில் பூஞ்சையைப் பார்த்ததும் மறுத்துவிட்டார்கள்.

பதிவு கெடாமல் டேப்பிலுள்ள பூஞ்சையை எப்படி அகற்றுவது?