மறுமொழி: ‘அறியாமைத் திரை’ போதுமா?

எல்லோருக்கும் வணக்கம். ‘Veil of ignorance’ என்ற ஆங்கிலத் தொடருக்கு நாம் எழுதிவரும் ‘அறியாமைத் திரை’யை மாற்றலாமா என்ற பேச்சில் சேர் இப்படிக் கேட்டிருந்தார்:

> பலரும் எழுதிப் பழகிய சொல். அதை ஏன் கலைக்க வேண்டும்?

சேர் கேட்டது நியாயம்தான். ஆனால் போன கிழமை இந்தச் சொல்லைப் பலகையில் எழுதியதும் ஒரு பிள்ளை எழும்பி, “அறியாமையைப் போக்கத்தானே மிஸ் படிக்கிறோம்?” என்று கேட்டாள். தமிழில் அறியாமை ஒரு குறை. சைவ சித்தாந்தம் படித்தவருக்கு அது உயிரை மறைக்கும் ஆணவ இருள். 1971இல் இந்தத் தொடரை வைத்து அமெரிக்க மெய்யியலாளர் ஜோன் ரோல்ஸ் எழுதியது வேறு. அவர் கற்பனை செய்யும் ஆட்களுக்குப் பொருளாதாரம் தெரியும், மனித சுபாவமும் தெரியும். தான் ஆணா பெண்ணா, ஏழையா பணக்காரரா, எந்தச் சமயம், என்ன திறமை என்பதுதான் தெரியாது. அப்படி இருந்துகொண்டு தாங்கள் வாழப்போகும் சமூகத்துக்கு விதி எழுத வேண்டும்.

‘திரை’யை விடலாம் என்று அக்கா எழுதியிருந்தா. கோணேசர் கோயிலில் திரை போட்டால் மறைவது சாமி, இங்கே மறைவது நான். சரி, ஆனாலும் திரை இருக்கட்டும். வேண்டும்போது போட்டு வேண்டும்போது விலக்கலாம் என்ற கருத்து அதில் இருக்கிறது.

சின்ன வயதில் உப்புவெளிக் கரையில் பார்த்தது. வலை இழுத்து முடிந்ததும் ஒருவர் மீனைக் கூறு கூறாகக் குவிப்பார். இன்னொருவர் கடலைப் பார்த்துத் திரும்பி நிற்பார். “இது ஆருக்கு?” என்றால் பார்க்காமலே ஒரு பெயர் சொல்வார். தன் கூறு எது என்று குவிப்பவருக்குத் தெரியாது. அதனால் நாலு சூடை கூடுதலாக விழுந்தாலும் அள்ளிப் பக்கத்துக் கூறில் போடுவார். பிள்ளைகளுக்கு இதைச் சொன்ன பிறகுதான் விஷயம் பிடிபட்டது.

இதை வைத்துத் தம்பி ‘சமத்திரை’ என்றார். அது சரிவராது. கூறுகள் சமமாகவே இருக்க வேண்டும் என்று ரோல்ஸ் சொல்லவில்லை. ஆகச் சிறிய கூறு அதனால் பெருகுமானால் மற்றவை இன்னும் பெரிதாக இருக்கலாம் என்றார். ஹர்சானி என்ற பொருளியலாளரோ 1953இலேயே இதே மாதிரி மறைப்பை வைத்து, சராசரி நலனைப் பார்த்தால் போதும் என்று முடித்தார். திரை ஒன்றுதான், முடிவுகள் வேறு. முடிவைச் சொல்லுக்குள் திணிக்கக்கூடாது.

முதலில் ‘தன்னிடமறியாத் திரை’ என்று எழுதிப் பார்த்தேன். கையிலிருப்பதை அறியாதவன் என்று படிக்க வருகிறது! ஆகவே என் முன்மொழிவு: ‘தன்னிலை மறைதிரை’. வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள்: “கந்தளாய்க் குளத்துத் தண்ணீரைப் பங்கிடுபவர், தன் வயல் வாய்க்காலின் தலைப்பிலா கடைசியிலா என்று தெரியாதபடி தன்னிலை மறைதிரைக்குப் பின்னால் நிற்கட்டும்.” வாயில் ஓரளவு நிற்கிறது.

‘ஆதி நிலை’ (original position, ரோல்ஸ் தன் ஆட்களை இந்தத் திரைக்குப் பின்னால் நிறுத்தும் கற்பனை நிலை) பற்றித் தனி இழையில் பேசுவோம். அதைக் கேட்டவுடன் என் வகுப்பில் பாதிப்பேர் கற்காலத்துக்குப் போய்விட்டார்கள்.