சேலஞ்சர் டென்னிஸை நேரில் பார்த்தவர்கள் வாருங்கள்: செம்மண் கோர்ட் அனுபவங்கள்

நெக்கர்க்கரையான் (ஹைல்பிரான், ஜெர்மனி)

விம்பிள்டன் போனது, பாரிஸ் போனது பற்றியெல்லாம் இங்கே நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். நான் அதற்கு ஒரு படி கீழே இருக்கும் சேலஞ்சர் போட்டிகளைப் பற்றி எழுதலாம் என்று நினைக்கிறேன். ஆண்கள் தொழில்முறை டென்னிஸ் தொடரான ஏடிபி டூருக்கு அடுத்த அடுக்கு இது. 50, 75, 100, 125, 175 என்று ஐந்து வகை. பட்டம் வெல்பவருக்கு எத்தனை ரேங்கிங் புள்ளியோ, அதுதான் அந்த எண். உலகத் தரவரிசையில் 100-க்கு வெளியே நிற்பவர்களுக்கு வருடத்தில் பெரும்பகுதி இந்தப் போட்டிகளில்தான் கழிகிறது. என்னைக் கேட்டால், டென்னிஸ் எவ்வளவு கஷ்டமான பிழைப்பு என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல இடம் கிடையாது.

பக்கத்து ஊரான நெக்கர்சுல்மில் ஆடி கார் ஆலை இருப்பதால் நம்மவர்கள் இந்தப் பக்கம் கொஞ்சம் அதிகம். ஆனால் நெக்கர்கப் என்று ஒரு போட்டி நம் ஊரிலேயே நடக்கிறது என்றால் பாதிப் பேருக்குத் தெரியாது. 2014-ல் தொடங்கியது. டிராப்பன்சே என்ற சின்ன ஏரி, அதன் நடுவில் ஒரு குட்டி மாளிகை. அந்தப் பக்கம் இருக்கும் டென்னிஸ் கிளப்பில்தான் போட்டி. 2015-ல் இங்கே பட்டம் வென்றவர் ஜெர்மனியின் அலெக்சாண்டர் ஸ்வெரெவ். 2018-ல் 17 வயது ரூடி மொல்லெக்கர். பாரிஸில் பிரெஞ்சு ஓப்பன் நடக்கும் நாட்களை ஒட்டியே இதுவும் வரும். அங்கே முதல் வாரத்தில் தோற்றவர்கள் பையைத் தூக்கிக்கொண்டு நேராக இங்கே வந்துவிடுவார்கள்.

2024-ல் அப்படி வந்தவர்களில் ஒருவர் இந்தியாவின் சுமித் நாகல். பாரிஸில் முதல் சுற்றிலேயே கச்சனோவிடம் தோற்றிருந்தார். அப்போது அவர் ரேங்கிங் 95. பாரிஸ் ஒலிம்பிக்கில் யாருக்கு இடம் என்பதை ஜூன் 10 தரவரிசைப் பட்டியல்தான் முடிவு செய்யும். ஹைல்பிரான் இறுதிப் போட்டி ஜூன் 9, ஞாயிற்றுக்கிழமை. அதாவது, கணக்கில் சேரும் கடைசி ஆட்டம்.

எதிரே ஸ்விட்சர்லாந்தின் அலெக்சாண்டர் ரிச்சார்ட். முதல் செட் 6-1. சுலபமாக முடிந்துவிடும் என்று எல்லோரும் நினைத்தோம். இரண்டாவது செட் 6-6 ஆகி, டை பிரேக்கில் நாகல் கையைவிட்டுப் போனது. அப்புறம் மூன்றாவது செட் 6-3, பட்டம் நாகலுக்கு. டிவியில் பார்க்கும்போது செம்மண் தளமான கிளே கோர்ட் ஆட்டம் மெதுவாகத் தெரியும். கோர்ட்டை ஒட்டி உட்கார்ந்து பாருங்கள், அந்த எண்ணமே போய்விடும். பந்து தரையில் பட்டு வேகம் குறைவது உண்மைதான். ஆனால் குறைந்த கையோடு தோள் உயரத்துக்கு எழும்பும். நாகல் உயரமான ஆள் இல்லை. அந்தப் பந்தை அவர் பின்னால் போய் வாங்க வேண்டும், இல்லை எழும்பும்போதே முன்னால் வந்து அடிக்க வேண்டும். ஒவ்வொரு பந்துக்கும் அந்த முடிவை எடுத்துக்கொண்டே இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடினார். கால் சறுக்கி நிற்கும்போது வருகிற அந்தச் சரசரப்புச் சத்தம் இன்னும் எனக்குப் பிடித்தமானது.

மறுநாள் வந்த பட்டியலில் அவர் 77. ஒலிம்பிக் இடம் உறுதி. 2023 செப்டம்பரில் இதே மனிதர் தன் வங்கிக் கணக்கில் 900 யூரோதான் மிச்சம் என்று பேட்டி கொடுத்திருந்தார். அதைப் படித்தவர்களுக்கு அந்த ஞாயிற்றுக்கிழமை எப்படி இருந்திருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் அந்த வாரம் மனதில் அதிகம் தங்கியது இன்னொருவர். குவாலிஃபையிங் என்ற தகுதிச் சுற்று ஆட வந்த ஒரு தென் அமெரிக்கப் பையன். பெயர் வேண்டாம். ராக்கெட்டுக்கு நரம்பு கட்டும் மேசை கிளப் கட்டடத்தை ஒட்டி இருக்கும், யார் வேண்டுமானாலும் பக்கத்தில் நின்று பார்க்கலாம். வானம் மூடிக்கொண்டு வந்தது. அவனிடம் மூன்று ராக்கெட். மூன்றையும் மேசையில் வைத்துவிட்டு, ஒன்றைத் திரும்ப எடுத்து, மறுபடி வைத்து, கடைசியில் ஒன்றை மட்டும் கட்டச் சொன்னான். இறுக்கம் இருபத்து மூன்று கிலோவா, இருபத்திரண்டா என்று கட்டுபவர் கேட்டார். வானத்தைப் பார்த்துவிட்டு இருபத்திரண்டு என்றான்.

காரணத்தை நரம்பு கட்டுபவரே எனக்குச் சொன்னார். மழை ஈரம் பட்டால் மண் பந்தில் ஒட்டிப் பந்து கனமாகிவிடும், இறுக்கத்தைக் கொஞ்சம் குறைத்தால்தான் பந்து நீளமாகப் போகும். சரி, ஏன் ஒன்று மட்டும்? ஒவ்வொரு ராக்கெட்டுக்கும் தனிக் கட்டணம். கூடவே பயிற்சியாளர் இல்லை, பிசியோ இல்லை. மழை பெய்யாவிட்டால் அந்தக் காசு வீண். முதல் சுற்றிலேயே தோற்றுவிட்டான். அன்று சாயங்காலமே அடுத்த ஊருக்கு எந்த ரயில் என்று போனில் தேடிக்கொண்டு வாசலில் நின்றான். எங்கே போகிறாய் என்று கேட்டேன். செக் குடியரசு, அங்கேயும் கிளே என்றான்.

நுங்கம்பாக்கம்_ரசிகை (சென்னை)

அண்ணா, அருமை. 2024 பிப்ரவரியில் நுங்கம்பாக்கம் ஸ்டேடியத்தில் இதே நாகல் லூகா நார்டியை 6-1, 6-4 என்று வென்று முதல்முறையாக டாப் 100-க்குள் போனாரே, அன்று நான் அங்கே இருந்தேன். அதுவும் சேலஞ்சர்தான், ஆனால் ஹார்டு கோர்ட் (கெட்டித் தளம்). ஸ்டேடியமே அதிர்ந்தது. பக்கத்தில் இருந்த பெரியவர் ஒருவர் ஒவ்வொரு பாயின்ட்டுக்கும் எழுந்து எழுந்து உட்கார்ந்தார்.

எனக்கு ரொம்ப நாளாக ஒரு சந்தேகம். கிளேயில் பந்து விழுந்த தடத்தைப் பார்க்க அம்பயர் இறங்கி வருவாராமே, சேலஞ்சரிலும் அப்படித்தானா? சண்டை வராதா?

நெக்கர்க்கரையான்

வரும் தங்கச்சி, நன்றாகவே வரும். முதல் சுற்று ஆட்டம் ஒன்று, ஓரத்துக் கோர்ட்டில் நடந்தது. பார்த்தவர்கள் முப்பது பேர் இருந்தால் அதிகம். பிரேக் பாயின்ட்டில் (சர்வீஸ் போடுபவரின் கேமைப் பறிக்கும் வாய்ப்பு) பந்து பின்கோடான பேஸ்லைன் பக்கம் விழுந்தது. வெளியே என்று குரல் வந்தது. அடித்தவர் ஒத்துக்கொள்ளவில்லை. அம்பயர் நாற்காலியிலிருந்து இறங்கி வந்தார். அங்கே ஒரு தடம் இல்லை, பக்கத்து பக்கத்தில் மூன்று. புதுத் தடத்தின் ஓரம் கூர்மையாக இருக்கும், பழையதன் மேல் காலடி பட்டு லேசாகக் கலைந்திருக்கும்.  அவர் குனிந்து ஒன்றைச் சுட்டிக்காட்டினார். கோட்டுக்கும் தடத்துக்கும் நடுவில் சிவப்பு தெரிந்தால் வெளியே, தெரியாவிட்டால் உள்ளே. வெளியே என்றார்.

அடித்தவர் கொதித்துவிட்டார், ஆனால் வலையைத் தாண்டி வரவில்லை. வந்து தடத்தைப் பார்த்தால் விதிமீறல், எச்சரிக்கை கிடைக்கும். வலைக்கு அந்தப் பக்கமே நின்று கையை ஆட்டி ஆட்டி, அது இல்லை, அதற்குப் பக்கத்தில் என்று கத்தினார். நான் உட்கார்ந்திருந்த இடத்திலிருந்து அம்பயர் சொன்னதுதான் சரி என்று பட்டது. கேமராவும் திரையும் சொல்லும் முடிவை யாரும் எதிர்த்துப் பேச முடியாது, ஒப்புக்கொள்கிறேன். இருந்தாலும் ஒரு மனிதர் குனிந்து மண்ணைப் படித்து முடிவு சொல்வதைப் பார்ப்பதில் எனக்கு இருக்கும் மரியாதை தனி.

பிரவுன்ஷ்வைக்_அம்மா (ஜெர்மனி)

நான் டென்னிஸ் ரசிகை எல்லாம் இல்லை, என் பெண்ணால் வந்த பழக்கம் இது. எங்கள் ஊரிலும் ஜூலையில் ஒரு கிளே சேலஞ்சர் உண்டு, பூங்காவை ஒட்டிய கிளப்பில். ஸ்வெரெவ் தன் முதல் சேலஞ்சர் பட்டத்தை 2014-ல் இங்கேதான் வாங்கினார், அப்போது அவருக்கு 17 வயது. நாகல் பல வருடம் பயிற்சி எடுத்த நென்சல் அகாடமி இருக்கும் பைனேயும் எங்களுக்கு அடுத்த ஊர் மாதிரிதான்.

என் பெண் பந்து எடுத்துப் போடும் குழுவில் சேர்ந்தாள். சும்மா ஓடிப் பொறுக்குகிற வேலை என்றுதான் நினைத்தேன். வீட்டுக்கு வந்து அவள் சொன்னதைக் கேட்டபோதுதான் விஷயம் புரிந்தது. சர்வீஸ் போடுகிறவர் மூன்று பந்து கேட்பார். மூன்றையும் உள்ளங்கையில் உருட்டிப் பார்த்து, பஞ்சு எழும்பியதைத் திருப்பித் தந்துவிடுவார். வழவழப்பான பந்து வேகமாகப் போகும், அது முதல் சர்வீஸுக்கு. பஞ்சு எழும்பியது இரண்டாவதற்கு. கிளேயில் மண் ஏறி ஒவ்வொரு பந்தும் ஒவ்வொரு மாதிரி ஆகிவிடுமாம். சில பேருக்கு, இப்போது பாயின்ட் ஜெயித்த அதே பந்து திரும்ப வேண்டும். அது எந்தப் பையன் கையில் போனது என்று இவள் கண்ணால் தொடர்ந்துகொண்டே இருக்க வேண்டும். ஒரு தடவை ஒருவர் இவளைப் பார்த்து விரலை நீட்டினார், இவள் சரியான பந்தைப் போட்டாள், அவர் தலையை அசைத்தார். அன்று ராத்திரி முழுக்க அதே பேச்சுதான்.

செட் முடிந்ததும் பெரிய வலையை இழுத்துக் கோர்ட்டைச் சமப்படுத்துகிறார்கள், கோடுகளைத் துடைப்பத்தால் பெருக்குகிறார்கள். வெயில் அதிகமான நாளில் குழாய் வைத்துத் தண்ணீர் அடிக்கிறார்கள். வீட்டுக்கு வந்தால் காலுறை எல்லாம் செங்கல் நிறம். எத்தனை முறை துவைத்தாலும் போகவில்லை. அதைப் போட்டிக்கென்றே தனியாக வைத்துவிட்டோம்.

பேரூர்க்காரன் (இத்தாலி)

இரட்டையர் ஆட்டத்தை யாருமே சொல்லவில்லையே! எங்கள் கோயம்புத்தூர் ஸ்ரீராம் பாலாஜிக்காக நான் சொல்லியே ஆக வேண்டும். 2024 மே மாதம், சார்டீனியா தீவில் காலியாரி. மோன்டே உர்பினு குன்றுப் பக்கம் கிளப், கிளே, சேலஞ்சர் 175. அதாவது இந்த அடுக்கிலேயே பெரியது. பாலாஜியும் ஜெர்மனியின் ஆன்ட்ரே பெகெமனும் சேர்ந்து இரட்டையர் பட்டத்தை வென்றார்கள்.

நான் பார்த்தது அதற்கு முந்தைய சுற்று ஒன்றில். சேலஞ்சர் இரட்டையரில் டியூஸ் (40-40) ஆனால் ஒரே பாயின்ட், அதோடு அந்த கேம் முடிந்தது. ஒரு செட்டுக்கு ஒரு செட் என்றானால் மூன்றாவது செட் கிடையாது, 10 பாயின்ட் டை பிரேக்தான். மூச்சு விட நேரமில்லை. கிளேயில் வலைப் பக்கம் நிற்பவருக்குக் கால் பிடிமானம் கிடைக்காது, அதனால் திசை மாறுவதற்கு முன் ஒரு சின்னக் குதி போட்டு நிற்கிறார்கள். அதைக் கிட்டே நின்று பார்த்தால்தான் தெரிகிறது. நாங்கள் தமிழில் சத்தம் போட்டோம். பக்கத்தில் இருந்த இத்தாலியக் குடும்பமும் கொஞ்ச நேரத்தில் எங்களோடு சேர்ந்து "பாலாஜி, பாலாஜி" என்றது.

அந்தக் கோடையில் பாரிஸ் ஒலிம்பிக்கில் ரோகன் போபண்ணா ஜோடியாகத் தேர்ந்தெடுத்தது இவரைத்தான். அங்கே முதல் சுற்றில் தோற்றது வேறு கதை. ஊரில் இதை எத்தனை பேர் கொண்டாடினார்கள்? எனக்கு உண்மையாகவே வருத்தம்.

நுங்கம்பாக்கம்_ரசிகை

உங்கள் வருத்தம் எனக்கும் உண்டு அண்ணா. நம் சென்னைப் பையன் பிரஜ்னேஷ் குணேஸ்வரன் 2018-ல் சீனாவில் ஆன்னிங் சேலஞ்சரை கிளேயில்தான் வென்றார், எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது? நாகல் 2023-ல் ரோமில் வென்றபோது ஐரோப்பிய கிளேயில் சேலஞ்சர் வென்ற முதல் இந்தியர் என்று எழுதினார்கள். அதே வருடம் தாம்பரேயிலும் வென்றார். இதெல்லாம் விளையாட்டுப் பக்கத்தில் நான்கு வரிச் செய்தியாகப் போய்விட்டது.

வருகிற கோடையில் அக்கா வீட்டுக்கு ஜெர்மனி வருகிறேன். போக வேண்டும் என்று முடிவு செய்துவிட்டேன். எந்த நாளில் போனால் நல்லது?

நெக்கர்க்கரையான்

ஒரே நாள்தான் முடியும் என்றால் இறுதி நாளை விட்டுவிடு. செவ்வாய் அல்லது புதன் வா. ஒற்றையர் மெயின் டிராவில் (பிரதான சுற்று) 32 பேர், இரட்டையரில் 16 ஜோடி, எல்லாக் கோர்ட்டிலும் காலையிலிருந்து ஆட்டம் ஓடிக்கொண்டே இருக்கும். குவாலிஃபையிங் அதற்கு முன்பே தொடங்கிவிடும், அந்த நாட்களில் கூட்டம் இன்னும் குறைவு. பயிற்சிக் கோர்ட் எங்கே என்று வாசலிலேயே கேட்டுக்கொள். உட்காரும்போது பேஸ்லைனுக்குப் பின்னால் இடம் பார், பந்து எழும்பும் உயரம் அங்கிருந்துதான் தெரியும். வெள்ளைச் செருப்பு வேண்டாம். மழைக்கோட்டு கட்டாயம்.

நரம்பு கட்டும் மேசைப் பக்கம் கொஞ்ச நேரம் நின்று பார். அந்தப் பையன் மறுபடி வந்திருந்தால் நான் காட்டுகிறேன். ரேங்கிங் பட்டியலில் அவன் பெயரை வாராவாரம் பார்க்கிறேன், மெல்ல மேலே வந்துகொண்டிருக்கிறான்.